விழா மேடையில் எரிக்கப்பட்ட காமனை எழுப்பித் தரக் கோருதல்

அனுப்புநர்:
திருமதி ஜீ. சண்முகவடிவு,
இல. 7, பெரிய லயம்,
கல்லூற்றுத் தோட்டம், மேற்பிரிவு,
பூண்டுலோயா.

பெறுநர்:
பணிப்பாளர் அவர்கள்,
தேசிய அரங்க மரபு விழாச் செயலகம்,
கொழும்பு.

பொருள்: கடந்த மாசிப் பௌர்ணமிப் போயா தினத்தன்று தங்கள் விழா மேடையில் எரிக்கப்பட்டு, எழுப்பப்படாமல் விடப்பட்ட என் கணவர் தொடர்பானது.

மதிப்பிற்குரிய ஐயா,

1. முதலில் ஒன்றைத் தெளிவுபடுத்திவிடுகிறேன். என் கணவர் ஜீவராஜ் உயிரோடு இருக்கிறார். உடம்பில் தீக்காயம் எதுவும் இல்லை. இன்று காலையும் தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டப் போயிருக்கிறார். நான் நட்டஈடு கேட்டு எழுதவில்லை. பொருளைப் படித்ததும் தாங்கள் பதறிப்போகக் கூடாது என்பதற்காக இதை முதலிலேயே எழுதுகிறேன்.

2. எங்கள் தோட்டத்தில் மாசி மாதம் காமன் கூத்து நடப்பதைத் தாங்கள் அறிவீர்கள்; அறிந்துதான் அழைத்தீர்கள். ஆயினும் முழுமைக்காகச் சொல்கிறேன். மூன்றாம் பிறையன்று காமன் கம்பத்தை ஊன்றி, காமனாகவும் ரதியாகவும் ஆடுகிறவர்களுக்குக் கையில் காப்புக் கட்டுவார்கள். காப்புக் கட்டியவர் கவிச்சி தொடக்கூடாது, மனைவியோடு ஒரே பாயில் படுக்கக்கூடாது, சாவு வீட்டு வாசலை மிதிக்கக்கூடாது. பௌர்ணமியன்று, தவம் கலைந்த சிவன் நெற்றிக்கண்ணைத் திறந்து காமனை எரித்துவிடுவார். தாலியை இழந்த ரதி அழுது மன்றாடி, எரிந்த இடத்திலேயே கணவனுக்கு உயிர் வாங்குவாள். எழுந்த காமன் அவள் கண்ணுக்கு மட்டும்தான் தெரிவான். அதன் பிறகே காப்பை அவிழ்ப்பார்கள். என் கணவர் கல்யாணத்துக்கு முன்பிருந்தே காமனாக ஆடுகிறவர். ஒவ்வொரு வருடமும் எரிந்திருக்கிறார், ஒவ்வொரு வருடமும் எழுந்து வந்து தேநீர் கேட்டிருக்கிறார்.

3. தங்கள் விழாவின் பெயர் 'இலங்கை அரங்கு: தோற்றமும் வளர்ச்சியும்'. அதில் எங்களைத் 'தோற்றம்' என்ற பகுதியில் வைத்திருந்தீர்கள். எங்களுக்குப் பெருமையாகத்தான் இருந்தது. இருநூறு வருடமாக இந்த நாட்டில் எங்களை வந்தவர்கள் என்றுதான் சொல்லியிருக்கிறார்கள். தோற்றம் என்று ஒருவர் எழுதியது அதுவே முதல் தடவை. அந்தக் கடிதத்தைக் கோயில் ஒலிபெருக்கியில் வாசித்தோம்.

4. தாங்கள் கேட்டது கூத்தின் ஒரு மாதிரியை மட்டும். விழா நாளோ மாசிப் பௌர்ணமி. நாட்டுக்கே காட்டுவதை அரைகுறையாகக் காட்டலாமா என்று எங்கள் ஆட்கள் கூடிப் பேசி, அந்த வருடக் கூத்தையே கொழும்புக்குக் கொண்டுபோவது என்று முடிவெடுத்தார்கள். ஊன்றிய கம்பத்தை மண்ணோடு பெயர்த்துச் சாக்கில் சுற்றி வேனின் கூரையில் கட்டினார்கள். காப்புக் கட்டிய கையோடு என் கணவரும், ரதியாக ஆடும் லோஜனும், சிவனாக ஆடும் திலக்ஷனும், கூத்து மாஸ்டர் சிவசாமி அண்ணனும் ஏறிப் போனார்கள். தாங்கள் கேட்டது மாதிரி. வந்து சேர்ந்தது காமன். இதைத் தங்களுக்கு யாரும் எடுத்துச் சொல்லவில்லை. கேட்கவேண்டும் என்று தங்களுக்கும் தோன்றியிருக்காது.

5. பிரதம விருந்தினர் தாமதமாக வந்தார். விளக்கேற்றவும் உரைகளுக்கும் நேரம் போனது. நம் நாட்டு நாடகம் சடங்கில் பிறந்து, கூத்தாகத் தவழ்ந்து, கொட்டகையில் நடை பழகி, இன்று உலக மேடையில் நிற்கிறது என்று ஒருவர் நன்றாகவே பேசினார். நான் லயத்து வீட்டில் இருந்தபடி கைப்பேசியில் நேரடி ஒளிபரப்பாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு எங்கள் ஆட்கள் வந்தார்கள். மண்டபத்துக்குள் நெருப்பு கூடாது என்று சொன்னதால் சிவப்பு விளக்கைப் போட்டுப் புகை விட்டார்கள். என் கணவர் விழுந்தார். லோஜன் தாலியைக் கழற்றி வைத்துவிட்டு அழத் தொடங்கினான். அப்போது திரை விழுந்தது. 'வளர்ச்சி' பகுதி தொடங்க நேரமாகிவிட்டது என்று அறிவித்தார்கள். அடுத்ததாக நாற்காலிகளை வைத்து ஒரு நவீன நாடகம் நடந்தது. என் கணவர் எழுந்துவிடுவார் என்று அந்த நாடகத்தையும் கடைசிவரை பார்த்தேன்.

6. திரைக்குப் பின்னால் நடந்ததைச் சிவசாமி அண்ணன் சொல்லித்தான் அறிந்தேன். விளக்குப் போடும் பையன் ஒருவன் ஓடிவந்து, "ஹரி, ஹரி, நெகிட்டின்ன" என்று சிங்களத்தில் சொல்லியிருக்கிறான்; சரி சரி, எழுந்திருங்கள் என்று அர்த்தம். அவரும் எழுந்து, தன் வில்லையும் தானே பொறுக்கிக்கொண்டு நடந்து வந்திருக்கிறார். கேடயம் கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தார்கள்.

7. ஐயா, காமன் கூத்தில் எரிந்த கட்சி, எரியாத கட்சி என்று இரண்டாகப் பிரிந்து போட்டிப் பாட்டுப் பாடுவது வழக்கம். இப்போது பாட்டில்லாமலேயே எங்கள் லயம் அப்படி ஆகிவிட்டது. அது வெறும் பல்பு, பல்பில் காமன் எரிவானா என்கிறது ஒரு கட்சி. சிவன் கண்ணைத் திறந்தாச்சு, தாலி இறங்கியாச்சு, இதற்கு மேல் என்ன வேண்டும் என்கிறது அடுத்த கட்சி. அந்த விளக்குப் பையனே எழுப்பிவிட்டதாக வைத்துக்கொள்ளலாமே என்று நான்கூடக் கேட்டுப் பார்த்தேன். சிவசாமி அண்ணன், "பொழைக்க வைக்கிறது ரதியோட கண்ணீரு தங்கச்சி, கரண்டுக்காரனோட அவசரம் இல்ல. எரிச்ச எடத்துலதான் எழுப்பணும்" என்று சொல்லிவிட்டார். அவரைத் தாண்டிக் காப்பை அவிழ்க்க இங்கு யாருக்கும் கை வராது. என் கணவருக்கும் வராது. லோஜனுடைய காப்பும் அப்படியேதான் இருக்கிறது. ஆனால் அவன் கல்யாணமாகாதவன்.

8. ஆகவே மாசியிலிருந்து என் கணவர் வாசலுக்குப் பக்கத்தில் தனிப் பாயில் படுக்கிறார். கருவாடு வாங்குவதை நான் விட்டுவிட்டேன். அவர் யாரோடும் சண்டை போடுவதில்லை. அழைத்தால் திரும்பிப் பார்க்கிறார், சாப்பிடு என்றால் சாப்பிடுகிறார். காய்ச்சல் என்றால் மருந்து கொடுக்கலாம்; இதற்கு என்ன கொடுப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

9. ஆனி மாதம் என் மாமியார் நாகலெட்சுமி காலமானார். என் கணவர் அவருக்கு ஒரே பிள்ளை. கையில் காப்பு இருந்ததால் தாய் கிடந்த வீட்டின் வாசலை அவரால் மிதிக்க முடியவில்லை. காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்துக்கு மேலே தேயிலைக்குள் நின்றுகொண்டிருந்தார். தூக்கிக்கொண்டு போகும்போது அங்கிருந்தபடியே பார்த்தார். கொள்ளியைச் சித்தப்பா மகன் வைத்தான். அன்று என் கணவர் அழவில்லை. நானும் அழவில்லை. அழவில்லையே என்று யோசித்ததுதான் நினைவிருக்கிறது.

10. போன மாதம் அடுத்த லயத்தில் வயதுக்கு வந்த ஒரு பிள்ளைக்குச் சடங்கு. குங்குமச் சிமிழ் வரிசையாக வந்துகொண்டிருந்தது. என்னிடம் வந்ததும் கொண்டுவந்த பெண்ணின் கை கொஞ்சம் நின்றது. அவள் நல்லவள், வேண்டுமென்று செய்யவில்லை. அவளுக்குச் சங்கடம் வேண்டாம் என்று நானே வெளியே பார்ப்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். சிமிழ் அடுத்தவரிடம் போனது. லோஜனுக்கு மேடையில் தாலி இறங்கியது, அது கூத்து. என் கழுத்தில் தாலி இருக்கிறது. இது என்னவென்று தங்கள் செயலகத்தில் யாராவது எனக்குச் சொன்னால் நல்லது.

11. நான் தங்கள் செயலகத்துக்குத் தொலைபேசி எடுத்தேன். யோகராணி என்ற உத்தியோகத்தர் பொறுமையாகக் கேட்டார். யாழ்ப்பாணத்துக்காரர் போலிருக்கிறது. "அது நாடகம்தானே அம்மா, நீங்கள் ஏன் இவ்வளவு யோசிக்கிறியள்?" என்றார். அவர்மீது எனக்கு எந்தக் குறையும் இல்லை. விழா மலர் ஒன்றை அன்போடு அனுப்பியும் வைத்தார். அதில் என் கணவர் விழுந்து கிடக்கும் படம் அரைப் பக்கத்துக்கு வந்திருக்கிறது. கீழே 'காமன் எரிவதோடு கூத்து நிறைவுறும்' என்று அச்சிட்டிருக்கிறார்கள். அடுத்த பக்கத்தில் வளர்ச்சி தொடங்குகிறது. இந்த மலர் பாடசாலைகளுக்குப் போவதாக அறிகிறேன்.

12. நான் தோட்டத்துப் பிள்ளைக் காம்பராவில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை செய்கிறேன். அவர்கள் காமன் விளையாட்டு விளையாடுவார்கள். ஒருவன் விழுவான், ஒருத்தி அழுவாள். பால் குடிக்க எத்தனை தடவை கூப்பிட்டாலும், விழுந்தவனை எழுப்பிவிட்டுத்தான் வருவார்கள். ஒரு நாட்டின் நாடகம் எங்கே தோன்றியது என்று பேச எனக்குப் படிப்புக் கிடையாது. எழுப்பாமல் விட்டால் விளையாட்டு முடியாது என்பது மட்டும் இங்கே மூன்று வயதிலேயே தெரிகிறது.

13. எனவே தாங்கள் பின்வருவனவற்றைச் செய்து தரவேண்டும் என மிகத் தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்.

(அ) விழா மலரின் அந்த ஒரு வரியைத் திருத்த வேண்டும்.

(ஆ) அதே மண்டபத்தில், அதே மேடையில், காமனை எழுப்பி முடிக்க எங்களுக்கு இடம் தரவேண்டும். வேறு நிகழ்ச்சி எதையும் நிறுத்த வேண்டாம். நிகழ்ச்சி முடிந்து மண்டபத்தைக் கூட்டித் துடைக்கும் நேரம் போதும். துடைப்பவர்களுக்கு இடைஞ்சல் இல்லாமல் ஒரு ஓரமாகச் செய்துகொள்வோம். விளக்கும் புகையும் ஒலிபெருக்கியும் வேண்டாம். பயணச் செலவை நாங்களே பார்த்துக்கொள்வோம். கேடயத்தைத் திருப்பித் தரவேண்டும் என்றாலும் கொண்டுவருகிறோம்.

14. வருகிற மாசிக்கு முன் இது நடக்க வேண்டும். பழைய காமன் எழாமல் புதிய கம்பம் ஊன்ற முடியாது. ஊன்றாவிட்டால் அந்த வருடம் எங்கள் தோட்டத்தில் கூத்து இல்லை. அது தோட்டத்தின் கவலை. எனக்கு என் கவலை.

15. பார்வையாளர் யாரையும் தாங்கள் ஏற்பாடு செய்யத் தேவையில்லை, ஐயா. எழுந்த காமன் ஒருத்தியின் கண்ணுக்குத்தான் தெரிவான் என்று மேலே எழுதியிருக்கிறேன். மேடையில் லோஜன் அழட்டும். கீழே முதல் வரிசையில் எனக்கு ஒரு நாற்காலி மட்டும் போட்டுவையுங்கள். பார்க்க நான் வருகிறேன்.

தங்கள் பதிலை எதிர்பார்த்து,

(ஒப்பம்) ஜீ. சண்முகவடிவு
ஜீவராஜின் மனைவி

இடம்: பூண்டுலோயா
திகதி: 2025 ஓகஸ்ட் 18