படகு திரும்பாத கவிதை

ஜூன் 4, 2024

மூன்றாம் அத்தியாயம் முடிந்தது. கரையில் நிற்கும் குழந்தை கூப்பிடக் கூப்பிட, படகு திரும்பாமலே போகிறது. இருநூறு வருடத்துக்கு முந்தைய ஆங்கிலக் கவிதை. என் கவிஞர் ஐந்து வயதில் தாயை இழந்தவர். அந்தப் படகு முழுக்க அவர் மனத்துக்குள்ளேயே பிறந்தது என்று நாற்பது பக்கம் நிரூபித்திருக்கிறேன். 28-ஆம் தேதிக்குள் ஆய்வேட்டைக் கொடுக்காவிட்டால் முனைவர் பட்டப் பதிவு ரத்து. ஏழு வருட உழைப்பு. கொடுத்துவிடுவேன்.

ஜூன் 11

மழை. ஒரு பக்க எண்ணைச் சரிபார்க்கத்தான் கேம்ப் பகுதியில் இருக்கும் பழைய நூலகத்துக்குப் போனேன். அங்கே முதல் பதிப்பே இருந்தது! நான் இத்தனை நாள் வைத்திருந்தது அவர் இறந்தபின் வந்த தொகுப்பு. தொகுத்த புண்ணியவான் அடிக்குறிப்புகளைத் தூக்கிவிட்டிருக்கிறார். முதல் பதிப்பில் பொடி எழுத்தில் கவிஞரே சொல்கிறார்: ஆறும் படகும் குழந்தையும் என்னுடையவை அல்ல, ஒரு பாரசீகப் பாடலின் மொழிபெயர்ப்பில் படித்தவை.

முதல் பதிப்பைப் பார்க்காமல் யாராவது ஆய்வு செய்வார்களா? நான் செய்தேனே. மக்கு.

ஜூன் 12

கராடியில் இருக்கும் ஆபீஸிலிருந்து விச்சு வீட்டுக்கு வந்ததும் சொன்னேன். "யாருக்குத் தெரியப் போகுது? கொடுத்துட்டு வந்துடு" என்றான். ஏழு வருஷமா என் படிப்புக்காக எல்லாத்தையும் பொறுத்துக்கிட்ட புருஷன், கோபப்பட முடியலை. ஆனா எனக்குத் தெரியுமே!

ஜூன் 13

சோறு இறங்கவில்லை.

ஜூன் 15

அந்த மொழிபெயர்ப்பு இணையத்தில் கிடைத்தது. அதே ஆறு, அதே குழந்தை. கூப்பிடுகிற வார்த்தைகூட அதே. கடைசி வரியில் மட்டும் — படகு திரும்பி வருகிறது.

எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டவர் அதை எடுத்துக்கொள்ளவில்லை. முடியவில்லையா? எந்த தேசத்திலோ யாரோ பாடினதைப் படிச்சுக்கிட்டே வந்து, அந்த இடத்துல, அம்மாவை இழந்த அந்தப் புள்ள மனசு நின்னு போச்சே... நாற்காலியை விட்டு எழுந்துவிட்டேன். கண் நிறைந்துவிட்டது. நாற்பது பக்கத்தில் நான் சொல்லத் தெரியாமல் தவித்ததை ஒரே வரியை மாற்றிச் சொல்லியிருக்கிறார். மனுஷ மனசு இவ்வளவு பெரிசா!

ஜூன் 17

அத்தியாயத்தைத் திரும்ப எழுதுகிறேன் என்று என் வழிகாட்டி ரீனா மேடத்திடம் சொன்னேன். பதினொரு நாள்தான், தவறினால் என்னால் ஒன்றும் செய்ய முடியாது என்றார். தெரியும் என்றேன்.

ஜூன் 22

இருபத்தொரு பக்கம். விச்சுதான் சமைக்கிறான். ரசத்தில் உப்பே இல்லை. குடித்தேன்.

ஜூன் 27

மேடம் படித்துத் திருப்பி அனுப்பிவிட்டார். பக்கத்துக்குப் பத்துத் திருத்தம். ராத்திரிக்குள் முடித்து நாளை கொடுத்துவிடுவேன். என் முதல் வாக்கியம்: "இந்தக் கவிதையை நான் ஏழு வருடம் தவறாக வாசித்தேன்." ஆய்வேட்டில் யாரும் இப்படி எழுதுவதில்லை, அடித்துவிடுவார் என்றுதான் இருந்தேன். அதை மட்டும் தொடவில்லை.