படகு வருமுன் கலக்கிய மாவு

மச்சான், நேற்றுப் போட்டிருந்த சட்டையைத் துவைக்க எடுத்தேன். பொரித்த எண்ணெயும் மிளகாய்த்தூளும் கலந்த வாடை. உங்களிடம் பேசாமல் இருக்க முடியவில்லை.

கணவாய் மீன் பொரிப்பதில் தங்கச்சிமடத்தில் எனக்கு நிகர் கிடையாது. ஏழாம் வகுப்போடு நின்றவன்தான். ஆனாலும் நான் பொரித்ததை ஒருவன் கடித்தால், அந்த மொறுமொறுச் சத்தத்துக்குப் பாம்பன் பாலத்தில் ரயில் ஓட்டுகிறவன் திரும்பிப் பார்ப்பான். "ஏலே மாப்ள, வாயில பொரிக்கிறத விட்டுட்டுச் சட்டியப் பாரு" என்பீர்கள்.

அரிசி மாவு, அதில் பாதி கடலை மாவு, ஐஸ் தண்ணீர். "கலக்குன மாவ நிக்க விடாத, கொழகொழத்துரும்" என்பது உங்கள் சட்டம். அதனால் நீங்கள் கடலுக்குப் போனால், படகு கண்ணில் படும்வரை அக்கா மாவில் தண்ணீர் விடமாட்டாள். போகப்போக, முன்னாடியே கலக்கினால் போன ஆள் திரும்பி வராது என்றே நம்ப ஆரம்பித்தாள். உங்களைக் கொண்டுபோனது கடல் இல்லை, சர்க்கரை நோய். அவள் நம்பிக்கை மட்டும் மாறவில்லை.

நேற்று விடியலில் வரவேண்டிய உங்கள் மகன் அந்தோணி மதியமாகியும் வரவில்லை. மற்றப் படகெல்லாம் வந்துவிட்டது. போன் போகவில்லை. அக்கா வாசலில் நின்றவள் உட்காரவே இல்லை. தைரியம் சொல்கிறேன் பேர்வழி என்று நான் அடுப்படியில் மாவைக் கலக்கினேன்.

"இந்தா வந்துருவான்க்கா. அந்தக் கடலுக்கே என்னையத் தெரியும்."

அவள் கிண்ணத்தைப் பார்த்தாள். "யாரக் கேட்டுலே தண்ணி ஊத்துன?"

கிண்ணத்தைக் கையில் எடுத்தேன், மச்சான். கொட்டினால் அவள் பயத்துக்கு நானும் தலையாட்டியதாகும். வைத்திருந்தால் அவள் கண் அதைவிட்டு நகராது. மாவு தடித்துக்கொண்டே போனது.

போன் அடித்தது. "மாமா, இஞ்சின் மக்கர் பண்ணிருச்சு. கயித்தக் கட்டி இழுத்துட்டு வாராங்க. பசிக்குதுன்னு அம்மாட்ட சொல்லுங்க."

அக்கா அழவில்லை. கிண்ணத்தைக் கொண்டுபோய்க் கோழிகளுக்குக் கொட்டினாள். புது மாவு அளந்து வைத்தாள். தண்ணீர்ச் செம்பைத் தொடவில்லை.

"அதான் வாரேன்னுட்டான்ல?"

"வாரேன்னுதான சொல்லிருக்கான். காலு வாசல்ல படட்டும்."

பட்ட பிறகுதான் தண்ணீர் ஊற்றினாள். கடலில் நீந்திப்போய் நான்தான் படகை இழுத்து வந்தேன் என்று தெருவில் சொல்லிவிட்டேன், நம்பியவர்களும் உண்டு.

இன்று என் மகள் மதுரையிலிருந்து வருகிறாள். பஸ் ராமநாதபுரம் தாண்டிவிட்டதாம். மாவு அளந்தாயிற்று, எண்ணெய் தயார், ஐஸ் உருகிக்கொண்டிருக்கிறது. நான் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன், மச்சான்.