முத்துத்தாய் டீச்சர் வாசித்த பக்கம்

திருமங்கலம்

அன்பு மகள் ஆர்த்திகாவுக்கு அம்மா எழுதுவது. இங்கே அப்பாவும் நானும் உடம்புக்கு நலம், மனசுக்குத்தான் இல்லை. புனேயில் நீ வேளாவேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருப்பாய் என்று நம்புகிறேன். போனில் சொன்னால் "சரிம்மா" என்று வைத்துவிடுவாய், அதனால்தான் எழுதுகிறேன்.

சரஸ்வதி பூஜைக்கு வழக்கம்போல வீட்டிலுள்ள புத்தகம், நோட்டு எல்லாவற்றையும் அடுக்கிச் சந்தனம் குங்குமம் வைத்தேன். லீவுக்கு வந்தபோது நீ அலமாரியில் விட்டுப்போன பச்சை அட்டை நோட்டும் அதில் சேர்ந்துவிட்டது, காலேஜ் நோட்டு என்றுதான் நினைத்தேன். மறுநாள் விஜயதசமி, நல்ல நாளாயிற்றே என்று மாப்பிள்ளை சூரியபிரகாஷின் அம்மா முத்துத்தாய் டீச்சர் கல்யாணத் தேதி பேசப் பேரையூரிலிருந்து வந்திருந்தார். பூஜை பிரித்ததும் ஆளுக்கொரு புத்தகம் எடுத்து நாலு வரி வாசிப்போமே, சம்பந்தி ஆகப்போகிறவர், அதுவும் டீச்சர், முதலில் நீங்களே எடுத்து வாசியுங்கள் என்று மரியாதைக்குச் சொல்லித் தொலைத்தேன். அவர் கைக்கு அந்தப் பச்சை நோட்டுதான் வந்தது. வகுப்பில் வாசிப்பதுபோல நிறுத்தி நிதானமாக வாசித்தார். "அம்மா கேட்கும்போதெல்லாம் சரிம்மா என்கிறேன். இந்தக் கல்யாணத்தில் எனக்கு விருப்பமில்லை. இங்கே எழுதிப் பார்த்த பிறகுதான் அது எனக்கே தெரிகிறது." வாசித்து முடித்த பிறகுதான் அவருக்கே உறைத்தது. அப்பா கேசரித் தட்டோடு அப்படியே நின்றுவிட்டார்.

எனக்குக் கொதிக்கிறதடி. மாப்பிள்ளை போட்டோ அனுப்பினேன், சரிம்மா. ஜாதகம் பொருந்தியது என்றேன், சரிம்மா. மண்டபம் பார்க்கட்டுமா என்றேன், அதற்கும் சரிம்மா. ஒரு தடவை வேண்டாம் என்றிருந்தால் நான் என்ன உன்னைக் கடித்தா தின்றுவிடுவேன்? பெற்றவளிடம் சொல்ல வாய் வராத பேச்சு ஒரு நோட்டிடம் மட்டும் எப்படி வருகிறது? டீச்சர் கோபப்பட்டிருந்தால்கூடத் தேவலை. நோட்டை மூடி என் கையில் கொடுத்து, "புள்ளகிட்ட நல்லாக் கேட்டுட்டுச் சொல்லுங்க மதினி, தீவாளி வரைக்கும் பொறுத்திருக்கோம்" என்று சொல்லிவிட்டுப் போனார். அப்பா என்னவென்றால், "எல்லாத்துக்கும் ஒனக்கு எம்புட்டு அவசரம்" என்று என் மேலேயே பாய்கிறார். அடுத்த பக்கத்தைப் புரட்டக் கை பரபரத்தது. புரட்டவில்லை, நம்பினால் நம்பு. நோட்டை மஞ்சள் பையில் சுற்றி, நீ கேட்ட இட்லிப் பொடியோடு இந்தப் பார்சலில் வைத்திருக்கிறேன். அட்டையில் குங்குமம் ஒட்டியிருக்கும், திட்டாதே. அங்கே மழை என்கிறார்கள், ஈரத் தலையோடு ஜடை பின்னாதே.

மீனாட்சி உனக்கு நல்ல புத்தியும் தைரியமும் தரட்டும். தீபாவளிக்குள் எனக்குப் பதில் வேண்டும். போன் பண்ணாதே, காகிதத்தில் எழுது. அதில்தான் நீ உண்மையைச் சொல்கிறாய்.

உன் அம்மா
பாண்டியம்மாள்