ஒன்றரைச் சங்கிலி தூரம்

மச்சான்,

இன்று காலை அலுவலகத்தின் பின்கட்டு அறையை ஒழித்தார்கள். நம் தீவில் சுதந்திரக் கொடி ஏறி மூன்று மாதம் ஆகிறது. நாட்டுக்குப் புது வரைபடம் வேண்டுமாம், அதை வரைய இடம் வேண்டுமாம். பழைய சாமான்களுக்குத்தான் இடமில்லை. மூலையிலிருந்து ஒரு நில அளவைச் சங்கிலியை இழுத்துப் போட்டார்கள். துருவும் தேங்காயெண்ணெயும் கலந்த வாசனை குப்பென்று வந்தது. அரசாங்கச் சங்கிலியைத் தேங்காயெண்ணெய் போட்டுத் துடைத்த ஒரே ஆள் நீதான். தலைக்கு வைத்திருந்த எண்ணெயெல்லாம் இரும்புக்குப் போனது என்று உன் தங்கை இன்றும் என்னிடம் குறைபடுவாள். உன்னைத் திட்ட முடியாததால் புருஷனைத் திட்டுகிறாள்.

நீ போய் இரண்டு வருடம். உன்னிடம் சொல்ல வேண்டிய ஒன்றை அதற்கும் வெகு காலம் முன்பிருந்தே தள்ளிப்போட்டு வருகிறேன். நாம் வாழ்நாள் முழுக்கப் பேசியது தீவின் கிரியோல் மொழி. தமிழ் கோயிலின் ஞாயிற்றுக்கிழமை வகுப்பில் படித்தது. "தமிழ்ல பேசினா நமக்குப் பொய் வராது மச்சான், அதுக்கு வேண்டிய வார்த்தை நம்மகிட்ட இல்ல" என்று கிண்டல் செய்வாய். பிறகு நான் புத்தகம் புத்தகமாகப் படித்து அந்தக் குறையைத் தீர்த்துக்கொண்டேன். இருந்தாலும் உன் பேச்சை நம்பித் தமிழிலேயே எழுதுகிறேன்.

நான் வரைபடம் வரைபவன், நீ சங்கிலி பிடிப்பவன். ஒரே அலுவலகம். எனக்கு மேசையும் மின்விசிறியும், உனக்கு வெயிலும் கரும்புச் சோகையின் கீறலும். நான் காகிதத்தை நம்பினேன், நீ உன் கால்களை நம்பினாய். அதில் எனக்குக் கொஞ்சம் திமிர் இருந்தது என்பதை இப்போது ஒத்துக்கொள்கிறேன்.

இரண்டாம் உலகப் போர் முடிந்த பிறகு ரோஸ் பெல் ஊருக்குக் கீழே இருந்த கரும்புத் தோட்டத்துக்காரர்கள் நம் பாதையை மூடப் பார்த்தார்கள், நினைவிருக்கும். பழைய கல்பாலத்திலிருந்து கரும்புக்காட்டுக்குள் புகுந்து கோயிலுக்குப் போகிற வண்டிப்பாதை. வேலைநிறுத்த நாட்களில் ஆட்கள் அந்த வழியாகத்தான் கூடினார்கள் என்ற கோபம் அவர்களுக்குத் தீரவே இல்லை. அறுவடை முடிந்ததும் பாதையை உழுது கரும்பு நடப்போகிறோம், அங்கே பாதை என்று ஒன்று இருந்ததே இல்லை, கூலிகள் அத்துமீறி நடந்த தடம்தான் அது என்றார்கள். இரண்டு மாதத்தில் தைப்பூசம். பாதை போனால் காவடி மாயெபூர் சாலையில் லாரிகளுக்கு நடுவே சுற்றிக்கொண்டு போக வேண்டும்.

அலமாரியில் ஒரு பிரெஞ்சுக்காலத்து வரைபடத்தைக் கண்டெடுத்தது நான். அதில் பாதை இருந்தது, பாதையோரம் ஒரு கிணறும் இருந்தது. பாலத்திலிருந்து ஆயிரத்து ஐந்நூறு அடி என்று சின்ன எழுத்தில் எழுதியிருந்தது. நீ அந்தப் படத்தை வெகுநேரம் பார்த்தாய். ஓரத்தில் கப்பல்கள் வரைந்திருந்தன, தீவைக் கண்டவர்கள், கரையை அளந்தவர்கள் பெயரெல்லாம் இருந்தன. "கப்பல்ல வந்தவன் கண்டுபிடிச்சவன். நடந்து போனவன் பேரு எங்க?" என்று கேட்டாய். நான் சிரித்து மழுப்பினேன்.

அந்தப் படம் வேறு ஏதோ இடத்துடையது என்று தோட்டத்தார் வாதாடினார்கள். கிணறு படம் சொல்கிற இடத்தில் இருந்தால் படம் மெய், பாதையும் மெய் என்று விசாரணை அதிகாரி சொல்லிவிட்டார். கிணறோ எப்போதோ தூர்ந்து போனது, பார்த்தவர் யாரும் உயிரோடு இல்லை.

எல்லாரும் வந்து நின்றார்கள்: அதிகாரி, தோட்ட மேலாளர், கங்காணி வேலை பார்க்கும் சர்தார், நம் ஜனங்கள். நீ பாலத்திலிருந்து சங்கிலி இழுத்தாய். அறுபத்தாறு அடிச் சங்கிலி, இருபத்திரண்டு தடவையும் மிச்சமும். நான் குச்சி நட்டேன். நீ உதட்டைப் பிதுக்கினாய்.

"நோன், பா லா. இங்க இல்ல மச்சான். காவடி நிக்கிற எடம் இன்னும் அந்தாண்ட."

அது உண்மைதான். வருடாவருடம் காவடி கரும்புக்கு நடுவே ஓரிடத்தில் நிற்கும். வீடு இல்லை, மரம் இல்லை, ஆனாலும் அங்கேதான் பெண்கள் குடத்தோடு காத்திருந்து காலில் மஞ்சள் தண்ணீர் ஊற்றுவார்கள். ஏன் என்று கேட்டால், எப்போதும் அங்கேதான் என்பார்கள். தண்ணீர் இருந்த இடத்தில்தான் தண்ணீர் ஊற்றும் வழக்கம் வந்திருக்கும் என்பது உன் கணக்கு.

"காவடி நிக்கிறதெல்லாம் சர்வே ஆகுமா?" என்று நான் எல்லார் முன்னாலும் கேட்டேன். நீ விலகிக்கொண்டாய்.

இரண்டு மணி நேரம் தோண்டினோம். செம்மண், கல், மறுபடியும் கல். மேலாளர் சத்தம் போட்டுச் சிரித்தார். அதிகாரி என் பக்கம் திரும்பி, "சங்கிலி எண்ணுவதில் தவறு நடந்திருக்குமா?" என்று கேட்டார்.

மச்சான், நீ எண்ணினால் தவறாது என்று எனக்குத் தெரியும். ஆனாலும், "இருக்கலாம் ஐயா" என்றேன்.

நீ குனிந்து சங்கிலியைக் கண்ணி கண்ணியாக மடித்து எடுத்துக்கொண்டு போனாய். அதிகாரி ஒரு வாரம் தவணை கொடுத்தார். வீட்டில் உன் தங்கை, "அண்ணன் எண்ணினா தப்பாது, அது உங்களுக்கும் தெரியும்" என்று ஒரே தடவை சொன்னாள். அப்புறம் மூன்று நாள் என்னோடு பேசவில்லை.

நாலாம் நாள் மாலை நீயே வந்தாய். சண்டைக்கு வருகிறாய் என்று நினைத்தேன். நாற்காலியில் உட்கார்ந்து காபி வாங்கிக் குடித்தாய்.

"பக்கத்து வீட்டுக்காரன் கால் அர்ப்பான் நிலம் வாங்கறான். அர்ப்பான் ஏக்கரை விட ஏன் கொஞ்சம் பெருசு மச்சான்?"

"பிரெஞ்சு அடி இங்கிலீஷ் அடியை விட நீளம், அதனால..." என்று சொல்லிக்கொண்டே வந்தவன் பாதியில் வாயை மூடிக்கொண்டேன்.

"உன் படத்தை வரைஞ்சவன் எந்த ஊரு ஆளு?"

வீட்டு மனையைப் பிரெஞ்சுக்காலத்து அர்ப்பானில் வாங்கி, ரோட்டை இங்கிலீஷ் அடியில் அளக்கிற ஊர் நம் ஊர். இரண்டும் எனக்குத் தண்ணீர் பட்ட பாடு என்று பீற்றிக்கொண்டவன் நான். பென்சிலை எடுத்துக் கணக்குப் போட்டேன். ஆயிரத்து ஐந்நூறு பிரெஞ்சு அடி, கிட்டத்தட்ட ஆயிரத்து அறுநூறு இங்கிலீஷ் அடி. நூறு அடி, அதாவது ஒன்றரைச் சங்கிலி குறைத்துக் குச்சி நட்டிருக்கிறேன்.

"நாப்பது தப்படி" என்றாய் நீ. என் குழியிலிருந்து காவடி நிற்கும் இடத்துக்கு முன்னாடியே நடந்து பார்த்திருக்கிறாய். விடையைக் கையில் வைத்துக்கொண்டுதான் வந்தாய். ஆனால் அதை என் வாயால் சொல்ல வைத்தாய். அந்தப் பெருந்தன்மை எனக்கு அடி விழுந்தால் வலிப்பதை விட அதிகமாக வலித்தது.

மறுவாரம் அங்கே தோண்டினோம். முழங்கால் ஆழத்தில் கிணற்றின் வட்டக் கல் தட்டுப்பட்டது. மேலாளர் தொப்பியைப் போட்டுக்கொண்டு காரில் ஏறினார். பாதை பிழைத்தது, அந்தத் தைப்பூசத்துக்குக் காவடி அதே வழியில் போனது. அறிக்கை எழுதியது நான். "சங்கிலி எண்ணிக்கை திருத்தப்பட்டது" என்று எழுதினேன். வாயால் சொன்ன பொய் மையால் எழுதிய பொய்யாயிற்று. நீ அதைப் படித்துவிட்டு, "கையெழுத்து அழகா இருக்கு மச்சான்" என்றாய். அதன்பின் அதைப் பற்றிப் பேசவே இல்லை, உன் கடைசி நாள் வரை.

இப்போது புதுப் படத்தில் ரோஸ் பெல் தாள் என்னிடம் வந்திருக்கிறது. இத்தனை சின்னப் பாதை எதற்கு, விட்டுவிடுங்கள் என்றார் புதிதாக வந்த மேலதிகாரி. விடமாட்டேன் என்றேன். ஆதாரம் கேட்டார். பழைய கோப்பை எடுத்துக் கொடுத்தேன், கூடவே இன்று மதியம் எழுதிய ஒரு தாளையும் கொடுத்தேன். சங்கிலி எண்ணிக்கையில் தவறில்லை. பிரெஞ்சு அடியை இங்கிலீஷ் அடியாகக் கொண்ட தவறு வரைபவனாகிய என்னுடையது. கிணறு இருக்குமிடத்தை முதலில் சொன்னவர் சங்கிலிக்காரர். அதற்குக் கீழே உன் முழுப் பெயர்.

"இவ்வளவு நாள் கழிச்சு இதை யார் கேட்டாங்க? அடுத்த வருஷம் ரிட்டயர் ஆகப்போறீங்க" என்றார்.

"யாரும் கேக்கல. நான் சொல்றேன்."

தாளைக் கோப்பில் சேர்க்கும் வரை அவர் மேசை முன்னாலேயே நின்றேன். பிறகு போய்ப் பாதையை மையால் வரைந்தேன்.

குப்பைக்குப் போக இருந்த சங்கிலியைக் கேட்டு வாங்கி வீட்டுக்குக் கொண்டுவந்தேன். நடந்ததை உன் தங்கையிடம் சொன்னேன். அவள் உள்ளே போய்த் தேங்காயெண்ணெய்ப் புட்டியைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்தாள்.

துடைத்துக்கொண்டே எண்ணினேன். நூறு கண்ணியும் இருக்கிறது மச்சான். ஒன்றுகூடக் குறையவில்லை.