நெற்றியில் வைத்த கை

மார்ச் 4

இன்று சினிமாவுக்காக எங்கள் ஆட்டத்தைப் படம் பிடித்தார்கள். முன்னோரை அழைத்து வந்து, கூட ஆடி, திரும்பக் கொண்டுபோய் விடுகிற ஆட்டம். தொடங்கினால் பாதியில் நிறுத்தக் கூடாது. இதை இயக்குநரிடம் படித்துப் படித்துச் சொன்னதே நான்தான். எங்கள் பூர்வகுடிச் சங்கத்தில் பாதிப் பேர் படமே வேண்டாம் என்றபோது, “தலைவி நான், எதுவானாலும் என் பொறுப்பு” என்று மார்தட்டியதும் நான்தான்.

வெளிச்சம் போகிற அவசரத்தில் அவர் “கட்” என்றார். நின்றுவிட்டேன்! ஒரு வாரமாக அந்தச் சொல்லுக்கு நின்று பழகிய கால். படப்பிடிப்பு விளக்கில் கண் கூசியது. நெற்றியில் கையை வைத்து, என்ன தம்பி என்பதுபோல் அவரைத் தேடினேன்.

மேளம் அடித்த என் அண்ணன் மட்டும் நிறுத்தவில்லை. ஆளில்லாத களத்துக்குக் கடைசிவரை அடித்து முடித்தார். உறை போடும்போது சொன்னார்: “கூப்பிட்டு வந்தவங்கள நடுவழியில நிக்க வச்சுட்டியேம்மா.”

மார்ச் 5

தூக்கமில்லை. எங்கே நிற்கிறார்களோ.

மார்ச் 19

இயக்குநருக்குப் போன் செய்தேன். மீதியையும் எடுத்துவிடலாமே என்றேன்.

“கேமராவெல்லாம் திருப்பிக் குடுத்தாச்சுக்கா. இதுவே அம்சமா இருக்கு. யாருக்குத் தெரியப் போகுது?”

எனக்குத் தெரியுமே! அதை மென்று விழுங்கிவிட்டேன். முரண்டு பிடித்தால் படம் நின்றுபோகுமோ என்ற பயம். வேறு சாக்கு எதற்கு?

ஜூலை 2

படம் திரைக்கு வந்தது. நான் நெற்றியில் கை வைப்பதோடு ஆட்டம் முடிகிறது. பார்க்க அழகாக வேறு இருந்து தொலைக்கிறது. ஒரு அம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டு, “தூரத்துல முன்னோர் போறதப் பாக்குற மாதிரியே இருந்துச்சும்மா” என்று கண் கலங்கினார். தலையாட்டினேன். பாவி, தலையாட்டினேன்.

அண்ணன் வரவில்லை.

அக்டோபர் 11

சங்க ஆண்டு விழா. அண்ணன் மகளும் அவள் தோழிகள் நாலு பேரும் ஆடினார்கள். செல்போனில் படத்தைப் பார்த்துத் தாங்களாகவே பழகியிருக்கிறார்கள். என் தோள் குலுக்கல்கூட அச்சு அசல். பூரித்துப்போனேன். அப்புறம் ஐந்து பேரும் ஒரே சமயத்தில் நின்றார்கள். நெற்றியில் கை வைத்தார்கள். கூட்டம் கை தட்டியது.

ஐயோ, என்ன காரியம் பண்ணி வச்சிருக்கேன்!

அண்ணன் மேளத்தை அடித்துக்கொண்டே இருந்தார். என் பக்கம் திரும்பவே இல்லை. செருப்பை உதறிவிட்டு மேடையேறினேன். முட்டி வலியில் உயிர் போனது, ஆனாலும் மீதி ஆட்டத்தை ஆடி முடித்தேன். மைக்கை வாங்கி, “கை வச்சது ஆட்டம் இல்ல. பாதியில நின்னதும், அத மறச்சதும் என் தப்பு” என்றேன். யாரும் தட்டவில்லை. அதுதான் சரி.

அக்டோபர் 14

பெண்களுக்கு மீதியைச் சொல்லிக்கொடுத்தேன். சட்டென்று பிடித்துக்கொண்டார்கள். ஆனால் அந்த இடம் வந்ததும் அண்ணன் மகளின் கை தானாக நெற்றிக்குப் போகிறது. நான்கு தடவை திருத்தினேன்.

“வேணும்னு பண்ணல அத்தை. தானா வந்துடுது.”

அண்ணன் மேளத்தை நிறுத்தாமலே சொன்னார்: “அவளத் திட்டாத. உன்னப் பாத்துத்தான கத்துக்கிட்டா.”