அந்தப் பெண்ணின் பதில்

அக்டோபர் 11, சனி. ரிச்சர்ட்சன்.

பல்கலைக்கழகத்தில் ஒரு பழைய ஜப்பானிய ஊமைப்படம் போட்டார்கள். அம்மாவையும் அழைத்துப் போனேன். இடையிடையே வந்த ஆங்கில வரிகளை அவள் காதில் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தேன். படத்தில், காதலனை மறந்துவிட்டுத் தான் பார்த்த மாப்பிள்ளையைக் கட்டிக்கொள்ளச் சொல்கிறார் அப்பா. "உங்கள் விருப்பப்படியே" என்கிறாள் மகள். எனக்கு அதைச் சொல்ல மனம் வரவில்லை.

"முடியாதுங்கறாம்மா."

"போடி, அவ மூஞ்சியப் பாரு. சரின்னுதான் சொல்றா."

பிறகு அம்மா கடைசிவரை அழுதாள். காரிலும் கண்ணைத் துடைத்துக்கொண்டே வந்தாள். "பாவம்டி அந்தப் பொண்ணு. பெத்த அப்பனுக்குக் கொஞ்சங்கூட ஈவிரக்கம் இல்ல பாரேன்."

இம்ரானைத்தான் கட்டிக்கொள்வேன் என்று நான் சொல்லி ஒரு வருடம் ஆகிறது. அதற்குப் பின் அவன் பெயரை அம்மா உச்சரித்ததே இல்லை. இன்றாவது கேட்பாள் என்று ஃப்ரீவே முழுக்கக் காத்திருந்தேன். வீடு வந்ததும்தான் அடுத்த பேச்சை எடுத்தாள்.

"நாளைக்கு ராஜி ஆன்ட்டி அந்த ஆஸ்டின் பையனைக் கூட்டிட்டு வர்றாங்க. பச்சைப் புடவை கட்டிக்கோ. மூஞ்சிய உம்முன்னு வச்சுக்காத."

"சரிம்மா" என்றேன்.

அம்மா என் முகத்தைப் பார்க்கவில்லை. கராஜ் கதவு திறப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.