புருவம் தூக்காத படம்

ஜூன் 4

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே நலம். நீயும் நலமாகத்தான் இருப்பாய். இல்லாவிட்டாலும் அதைச் சொல்லியே நாலு பேரைச் சிரிக்க வைத்திருப்பாய். போனில் பேசினால் சொல்ல வந்ததை மறந்து சிரித்துக்கொண்டே வைத்துவிடுகிறேன். காகிதத்தில் நீ குறுக்கே பேச முடியாது. அதனால் எழுதுகிறேன்.

மகள் சனிக்கிழமைதோறும் போகிற மையத்தில் பிள்ளைகளுக்குப் படம் போடப்போகிறார்கள். எல்லாம் இவளைப் போல ஆட்டிசம் உள்ள பிள்ளைகள். “உங்க அக்கா படக் கிடங்குலதானே வேலை பாக்கறாங்க?” என்று டீச்சர் கேட்டார். பொறுப்பு என் தலையில் விழுந்தது. மருந்துக்கடைக்காரனுக்குப் படத்தைப் பற்றி என்ன தெரியும்?

படத்தில் வருகிறவர்கள் சொன்னதைச் செய்ய வேண்டும். சிரித்தால் சந்தோஷம், அழுதால் துக்கம் என்று இருக்க வேண்டும். குத்தல் பேச்சு, ஏமாற்று வேலை, ஒன்றைச் சொல்லி இன்னொன்றை நினைப்பது கூடாது. இந்தப் பிள்ளைகளுக்குப் புத்தி மட்டு என்று நினைத்துவிடாதே. எதிரில் இருப்பவர் சொல்வதை நம்புகிறார்கள். அவ்வளவுதான் விஷயம்.

நீ வந்து போனதிலிருந்து மகள் உன்னிடம் போனில் பேச வருவதில்லை என்று குறைப்பட்டாய். அதற்கு வேறு காரணம். நானே சரிசெய்யப் பார்க்கிறேன்.

அன்புடன்,
தம்பி


ஜூன் 9

என் அருமை மாத்திரைக்கு,

(உன்னை அப்படிக் கூப்பிடுவது மருந்துக்கடையால் அல்ல. தொட்டிலிலேயே கசந்தவன் நீ.)

குத்தல் இல்லாத படம் வேண்டும் என்று என்னிடம் கேட்கிறாயே, பூனையிடம் போய்ப் பால் வேண்டாத குட்டி ஒன்று கேட்ட மாதிரி! பத்திரிகையின் கடைசிப் பக்கத்தில் வாராவாரம் ஊரைக் கிண்டல் செய்கிறவள் நான். பகலில் பள்ளிக்கூடங்களுக்குப் படம் அனுப்புகிற உத்தியோகம். அதையும் கிண்டல் செய்துகொண்டேதான் செய்கிறேன். என் புருவம் ஒன்று எப்போதும் மேலே நிற்கும், நடுவில் மாட்டிக்கொண்ட ஜன்னல் திரை மாதிரி.

இருந்தாலும் அக்கா அல்லவா! இத்துடன் ‘கரடியும் ரொட்டிக்கடைக்காரரும்’ வருகிறது. பச்சைக் குழந்தைப் படம். கரடி ரொட்டி கேட்கிறது, கடைக்காரர் கொடுக்கிறார். இதில் குத்தலைக் கண்டுபிடித்தால் என் காதை அறுத்துக்கொள்கிறேன்.

பட்டாணிக்கு என் முத்தம். “நான் பட்டாணி இல்ல, பொண்ணு” என்று அவள் திருத்தியதை நினைத்தால் இன்னும் சிரிப்பு வருகிறது. என் மேல் என்ன கோபமாம் அவளுக்கு?

அன்பு அக்கா

பின்குறிப்பு: எங்கள் மேலதிகாரி தலைக்குச் சாயம் அடித்துக்கொண்டு வந்தார். “பத்து வயசு கொறஞ்சிட்டீங்க சார்” என்று கோரஸ் பாடினோம். காதும் சேர்ந்து கறுத்திருந்தது.


ஜூன் 17

அன்புள்ள அக்காவுக்கு,

காதை அறுத்துக்கொள்.

கரடி அடுப்பை உடைத்துவிட்டதும் கடைக்காரர் என்ன சொல்கிறார்? “ஆகா, ரொம்ப நல்ல காரியம் பண்ணினே!” நீ அதைக் கேட்கவே இல்லையா? முன்வரிசைப் பையன் எழுந்து நின்று, “நல்ல காரியம் இல்ல. அடுப்பு உடைஞ்சிருச்சு” என்றான். பதில் வரவில்லை. மறுபடி சொன்னான். படம் பாட்டுக்கு ஓடியது. அவன் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டே இருந்தான். அதற்குள் பின்னணியில் கூட்டமாகச் சிரிக்கிற சத்தம். ஆளே இல்லாத சிரிப்பு! இரண்டு பிள்ளைகள் காதைப் பொத்திக்கொண்டு மேஜைக்கடியில் போய்விட்டார்கள். மகள் மட்டும் நகராமல் உட்கார்ந்து, “யார் சிரிக்கறாங்க? எங்க இருக்காங்க?” என்று கதவைப் பார்த்தபடி இருந்தாள். வீட்டுக்கு வந்தும் கேட்டாள்.

உன் மேல் அவளுக்குக் கோபம் இல்லை. கோபமாக இருந்தால் தேவலை.

அடுத்த படத்தையாவது அனுப்பும் முன் ஒரு தடவை பார்.

தம்பி


ஜூன் 26

டேய் மாத்திரை,

பார்த்தேன். ஒன்றல்ல, கிடங்கில் இருக்கிற அத்தனையும். சாப்பாட்டு நேரம் முழுக்கப் படம் ஓட்டுகிற ஆபரேட்டரோடு இருட்டறையில் உட்கார்ந்து பார்த்து, என் கண் இரண்டும் வெந்த வெங்காயம் மாதிரி ஆகிவிட்டது.

உலகத்தில் ஒரு யோக்கியமான படம் கிடையாது, தெரியுமா? நரி செத்த மாதிரி நடிக்கிறது. ராஜா பிச்சைக்காரன் வேஷம் போடுகிறான். “எனக்கு ஒண்ணும் வேணாம்” என்று சொல்கிற பெண்ணுக்கு எல்லாம் வேண்டும். “போ, இனிமே உன் மூஞ்சிலேயே முழிக்க மாட்டேன்” என்கிறவன் அடுத்த காட்சியில் கட்டிப்பிடிக்கிறான். இருபதாவது நிமிஷத்தில் ஆபரேட்டர், “மேடம், இந்த மாதிரிப் பாத்தா நம்ம ஆபீசையே இழுத்து மூடணும்” என்றார். நேற்று என் பக்கத்து வீட்டுக்காரி, “நம்ம வீடு மாதிரி நெனச்சுக்கோங்க” என்றாள். எழுந்து போய் அவள் அலமாரியைத் திறந்து பார்க்கலாமா என்று தோன்றியது. உன்னால் எனக்கு மனிதர்கள் பேசுவதே கேட்கப் பிடிக்காமல் போகிறது.

கடைசியாக ஒன்று அகப்பட்டது. ஒரு சிறுமியின் நாய்க்குட்டி தொலைகிறது, தேடுகிறாள், கிடைக்கிறது. பொய் சொல்கிறவரே இல்லை. பொய் சொல்லத் தெரிந்த ஒரே ஜீவன் நாய். அதற்கும் வசனம் கிடையாது. இதுவும் சரியில்லை என்றால் நீங்களே ஒரு சுவரைப் பார்த்துக்கொண்டு உட்காருங்கள்.

அன்பு அக்கா

பின்குறிப்பு: இந்த அவஸ்தையை அடுத்த வாரம் கடைசிப் பக்கத்தில் எழுதலாம் என்று இருக்கிறேன். ‘நாய்க்கு வசனம் இல்லை’. தலைப்பு எப்படி?


ஜூலை 6

அக்கா,

எழுதித் தொலைக்காதே.

உன் நாய்க்குட்டிப் படத்தில் அந்தச் சிறுமியின் அம்மா, “இங்கயே நில்லு, அஞ்சு நிமிஷத்துல வர்றேன்” என்று சொல்லிவிட்டுப் போகிறாள். இருட்டிய பிறகு வருகிறாள். சிறுமி ஓடிப்போய்க் கட்டிக்கொள்கிறாள். எல்லோருக்கும் சந்தோஷம். எங்கள் பிள்ளைகள் ஐந்து நிமிஷம் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார்கள். அப்புறம் படத்தைப் பார்க்கவே இல்லை. மகள் வழியெல்லாம், “அந்த அம்மா ஏன் வரல?” என்றாள். “வந்துட்டாங்களே” என்றேன். “அஞ்சு நிமிஷத்துல வரல.” அவள் சொல்வதுதான் சரி.

இனி மறைத்துப் பயன் இல்லை. போன தடவை நீ கிளம்பும்போது, வாசலில் நின்று அவள் கன்னத்தைக் கிள்ளி என்ன சொன்னாய், ஞாபகம் இருக்கிறதா? “அடுத்த தடவ உன்னப் பெட்டிக்குள்ள போட்டுத் தூக்கிட்டுப் போயிடறேன், பாரு.” நாங்கள் எல்லோரும் சிரித்தோம். நானும்தான்.

நீ வந்தது ஒரு சனிக்கிழமை. அடுத்த சனிக்கிழமை என் பெட்டியைக் காலி செய்தாள். தன் போர்வை, பல் துலக்கும் பிரஷ், நீலக் கோப்பை மூன்றையும் வைத்தாள். மையத்திலிருந்து திரும்பியதும் அதைக் கதவருகே இழுத்து வைத்து, உள்ளே உட்கார்ந்துகொண்டாள். அன்றிலிருந்து எல்லாச் சனிக்கிழமையும் அப்படித்தான், விளக்கு போடும் வரை. போனில் பேசக் கூப்பிட்டால், “அத்தைய நேர்லதான் பாக்கப்போறேனே” என்கிறாள். காலை எப்படி மடக்கினால் மூடி மூடும் என்று பழகிவைத்திருக்கிறாள். மூச்சு விட ஓட்டை போட்டுத் தரச் சொல்கிறாள். போன வாரம் நான் குளித்துவிட்டு வந்தபோது மூடி மூடியிருந்தது. ஜிப் முக்கால்வாசி இழுபட்டிருந்தது. நான் இழுத்த இழுப்பில் அது திறக்கவே மாட்டேன் என்றது.

உள்ளே வேர்த்து விறுவிறுத்துப் படுத்திருந்தாள். “அத்தை வந்துட்டாங்களா?” என்றாள்.

பெட்டியைப் பரண் மேல் போட்டேன். தலையைச் சுவரில் முட்டிக்கொள்கிறாள். மறுபடி இறக்கி ஜிப்பை வெட்டி எடுத்துவிட்டேன். “அத்தை விளையாட்டுக்குச் சொன்னாங்க” என்று நானும் என் மனைவியும் மாறி மாறிச் சொன்னோம். “அத்தை அப்படிச் சொல்லல. நீங்க சொல்றீங்க” என்கிறாள். நீ சொன்னதை நீதான் இல்லை என்று சொல்ல வேண்டும். ஆனால் நீ போனில் எது சொன்னாலும் கடைசியில் சிரிப்பாய். அந்தச் சிரிப்பில் எது நிஜம் என்று அவளுக்கு எப்படித் தெரியும்? எனக்கே தெரிவதில்லை, அக்கா. நாற்பது வயதில் எனக்கே தெரிவதில்லை.

படம் ஒன்றும் வேண்டாம்.

தம்பி


ஜூலை 19

அன்புள்ள தம்பிக்கு,

உன் கடிதத்துக்குப் பதிலாக நாலு தடவை எழுதி நாலையும் கிழித்தேன். ஒவ்வொன்றிலும் இரண்டாவது வரியிலேயே ஒரு வேடிக்கை வந்து உட்கார்ந்துகொண்டது. அழைக்காத விருந்தாளி எப்போதும் முதல் பந்தியில்தான்.

படம் வேண்டாம் என்றாய். இருந்தாலும் ஒன்று அனுப்புகிறேன். நான் எடுத்தது. நான்தான் நடித்திருக்கிறேன், இல்லை, நடிக்காமல் இருக்கப் பாடுபட்டிருக்கிறேன்.

எங்கள் தெரு வீடியோக்காரரைப் பிடித்தேன். நான் பெட்டி அடுக்குகிறேன், அவ்வளவுதான் காட்சி. மனுஷன் என் தலையைச் சுற்றி ரோஜாப்பூ பறக்கவிட வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றார். “சும்மா இருந்தா டல்லடிக்கும் மேடம்.” “டல்லடிக்கட்டும்யா! நாளைக்கு நான் போய் நிக்கறப்ப ரோஜா எங்கேன்னு ஒருத்தி கேப்பா, நீ வந்து பதில் சொல்வியா?” என்றேன். ரயில் நிலையத்தில் நான் நடப்பதை மெதுவாக ஓடவிடலாம் என்றார். நான் ஏற்கெனவே மெதுவாகத்தான் நடக்கிறேன், மூட்டு வலி.

அதெல்லாம்கூடப் பரவாயில்லை. கேமராவைப் பார்த்து ஏழு வாக்கியம் பேச வேண்டும். துணைக்கு வந்திருந்த எங்கள் ஆபீஸ் ஆபரேட்டர் பக்கத்தில் நின்று, “மேடம், புருவம்!” என்று கத்திக்கொண்டே இருந்தார். இறக்கினால் உதடு கோணியது. உதட்டை நேராக்கினால் கண் சிமிட்டியது. இத்தனை வருஷம் ஒரு வாக்கியத்தைக்கூட நான் வெறுமனே சொன்னதில்லை போலிருக்கிறது. மத்தியானத்தில் வீடியோக்காரர் விளக்கை அணைத்துவிட்டு, “ஏன் மேடம், நெஜத்த நெஜமாச் சொல்ல இவ்ளோ கஷ்டமா?” என்றார். பதில் சொல்ல வாயெடுத்தேன். வேடிக்கைதான் வந்தது. மூடிக்கொண்டேன். அதற்கடுத்து எடுத்ததைத்தான் உனக்கு அனுப்பியிருக்கிறேன்.

லீவு கேட்கப் போனேன். மேலதிகாரி காரணம் கேட்டார். உள்ளதை உள்ளபடி சொன்னேன். “கதை விடாதீங்க மேடம்” என்றார். ஆனால் லீவு கிடைத்தது.

நீ முதலில் தனியாகப் பார். ஒரு சொல் பிசகினாலும் போடாதே.

அக்கா


ஜூலை 28

அன்புள்ள அக்காவுக்கு,

முதலில் நான் பார்த்தேன். பிறகு என் மனைவி பார்த்தாள். அப்புறம்தான் மகளைக் கூப்பிட்டோம்.

நீ துணியை ஒவ்வொன்றாக எடுத்துப் பெட்டியில் வைக்கிறாய். மூடுகிறாய். பிறகு சொல்கிறாய்: “போன தடவ உன்னப் பெட்டியில எடுத்துட்டுப் போறேன்னு சொன்னேன். அது உண்மை இல்ல. பெட்டியில துணிதான் வைக்கலாம். ஆள் உள்ள போகக் கூடாது, மூச்சு முட்டும். நீ உங்க வீட்டுலதான் இருப்பே. நான் ஆகஸ்ட் மாசம் மொதல் சனிக்கிழமை ரயில்ல வருவேன். செவ்வாய்க்கிழமை திரும்பிப் போவேன்.” அப்புறம் கதவைப் பூட்டுகிறாய், நடக்கிறாய், டிக்கெட் வாங்கிக் காட்டுகிறாய். முடிந்தது.

“திரும்பப் போடுங்க” என்றாள். போட்டேன். மூன்றாவது தடவை முடிந்ததும், “அத்தை பொய் சொன்னாங்க” என்றாள். “ஆமா” என்றேன். எழுந்து போய்ப் பெட்டியிலிருந்து போர்வையை எடுத்தாள், பிரஷ்ஷை எடுத்தாள், நீலக் கோப்பையை எடுத்தாள். எல்லாம் அதனதன் இடத்துக்குப் போயின. பிறகு தரையில் படுத்து அழுதாள், அக்கா. தேம்பித் தேம்பி, சாயங்காலம் வரை. “நான் போறதுக்கு ரெடியா இருந்தேன்” என்பதையே திரும்பத் திரும்பச் சொன்னாள். உன்னை எவ்வளவு திட்டினேன் என்று எழுதினால் தபால்காரர் கை சுடும்.

எழுந்ததும் அவளே பெட்டியைத் தள்ளிக்கொண்டு வந்து, “மேல வைங்க” என்றாள். வைத்தேன். முட்டிக்கொள்ளவில்லை.

ராத்திரிச் சாப்பாட்டின்போது ஒன்று சொன்னாள்: “இந்தப் படத்துல அத்தை புருவம் கீழயே இருக்கு.”

மையத்திலும் போட்டோம். யாரும் காதைப் பொத்தவில்லை. முன்வரிசைப் பையன் நீ டிக்கெட் வாங்கியதும், “டிக்கெட் வாங்கிட்டாங்க” என்றான். உடனே நீ டிக்கெட்டைத் தூக்கிக் காட்டினாய். அவன் முகத்தை நீ பார்த்திருக்க வேண்டும். தனக்குப் பதில் சொல்கிற படத்தை முதல்முறையாகப் பார்த்தான். மறுபடி போடச் சொல்கிறார்கள்.

இப்போது கவனமாகக் கேள். படத்தில் நீ பச்சைச் சால்வை போட்டிருக்கிறாய். பெட்டி வலது கையில். அப்படியேதான் நீ வருவாய் என்று அவள் சொல்லி வைத்திருக்கிறாள். போனில் பேச இன்னும் வரவில்லை. “சனிக்கிழமை பாத்துட்டு அப்புறம் பேசறேன்” என்கிறாள். இது கோபமா, சோதனையா என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் இன்னொரு தடவை நீ தவறினால் அவளுக்கு நான் எதையும் சொல்லிப் புரியவைக்க முடியாது.

தம்பி


ஆகஸ்ட் 2

அன்புள்ள தம்பிக்கு,

சனிக்கிழமை வருகிறேன். பச்சைச் சால்வை போட்டுக்கொள்வேன். பெட்டி வலது கையில் இருக்கும். கை வலித்தாலும் மாற்ற மாட்டேன்.

ரயில் தாமதமானால் வழியிலேயே போன் செய்வேன். அப்போது, “ரயில் தாமதம், அத்தை வருகிறாள்” என்று அவளிடம் சொல். அதற்கு மேல் எதுவும் சொல்ல வேண்டாம்.

அவள் கதவைத் திறக்காவிட்டால் வாசலில் நிற்பேன். கன்னத்தைக் கிள்ள மாட்டேன். அவள் கேட்டால் பதில் சொல்வேன். கேட்காவிட்டால் சும்மா இருப்பேன். செவ்வாய்க்கிழமை திரும்பிவிடுவேன்.

இந்த வாரக் கடைசிப் பக்கத்தில் குடையைப் பற்றி எழுதியிருக்கிறேன். உங்களைப் பற்றி ஒரு வரியும் இல்லை.

எனக்குப் பயமாக இருக்கிறது.

அக்கா

பின்குறிப்பு இல்லை.